கொடியை விடு, வாசலில் நில்

வியாழக்கிழமை இரவு எட்டு மணி ஆனால் போதும், எங்கள் வாட்ஸ்அப் குரூப்புக்கு உயிர் வந்துவிடும். ஃபோர்ஸா ஹொரைசான் என்ற கார் பந்தய வீடியோ கேமில் வாராவாரம் சீசன் மாறுகிற நேரம் அது. உலகம் முழுக்க ஒரே நொடியில் மாறும், நம் ஊர்க் கணக்குக்கு அது சரியாக இரவு எட்டு என்று அமைந்துபோனது. சாப்பாட்டு நேரத்தில் கன்ட்ரோலரும் கையுமாக உட்கார்ந்தால் வீட்டில் கிடைக்கும் திட்டு தனி. புதுக் கார், புதுப் பந்தயங்கள், கூடவே அந்த வாரத்துக்கான குழு விளையாட்டும் வந்து நிற்கும். வேளச்சேரியில் ஒருவன், பெரம்பூரில் ஒருவன், தாம்பரம் தாண்டி ஒருவன், மயிலாப்பூரில் நான். நாலு பேரும் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு இறங்குவோம். பந்தயங்களைச் சுலபமாக முடித்துவிடுவோம். குழு விளையாட்டுக்குள் போனதும் அடி விழும். நாலு பேருமே ஆன்லைன் ரேஸில் முதல் மூன்று இடத்துக்குள் வருகிறவர்கள்தான், எதிரில் இருப்பவர்கள் வளைவில் பிரேக் போடக்கூடத் தெரியாதவர்கள் போலத்தான் தெரிவார்கள், ஆனாலும் தோற்போம்.

ஒரு வருடம் போல அடி வாங்கிய பிறகுதான் புரிந்தது. நாங்கள் ரேஸ் ஓட்டிக்கொண்டிருந்தோம். அவர்கள் சடுகுடு ஆடிக்கொண்டிருந்தார்கள்.

ஆடாதவர்களுக்காகக் கொஞ்சம் பின்னணி. ஹொரைசான் தொடரைச் செய்வது இங்கிலாந்தின் லீமிங்டன் ஸ்பா என்ற சிறு நகரத்தில் இருக்கும் பிளேகிரவுண்ட் கேம்ஸ் ஸ்டுடியோ. 2012இல் அமெரிக்காவின் கொலராடோவை வைத்து முதல் பாகம், 2014இல் தெற்கு ஐரோப்பா, 2016இல் ஆஸ்திரேலியா, 2018இல் பிரிட்டன், 2021இல் மெக்சிகோ என்று நாடு நாடாகப் போகிறார்கள். டிராக் கிடையாது, முழு மேப்பும் திறந்து கிடக்கும், வயல் வழியாகப் புகுந்து மலை ஏறி ஊருக்குள் இறங்கலாம். அந்த மேப்புக்குள் அங்கங்கே வேலி கட்டிய மாதிரி சில திடல்கள் உண்டு. அதற்குள்தான் இந்தக் குழு விளையாட்டுகள் நடக்கும். ஆறு பேர் இந்தப் பக்கம், ஆறு பேர் அந்தப் பக்கம். இந்தப் பிரிவுக்கும் ஸ்டுடியோ தன் பெயரையே வைத்திருக்கிறது, பிளேகிரவுண்ட் கேம்ஸ் என்று. தமிழில் நான் தெரு விளையாட்டு என்றே சொல்வேன், ஏனென்றால் மூன்றும் நாம் ஏற்கெனவே ஆடியவை.

ஃபிளாக் ரஷ்: திடலில் ஒரு கொடி இருக்கும், அதை எடுத்துக்கொண்டுபோய்க் குறிப்பிட்ட இடத்தில் சேர்த்தால் புள்ளி, வழியில் எதிரணிக்காரன் வண்டியால் தொட்டால் கொடி அவனுக்கு. கிங்: கொடிக்குப் பதில் கிரீடம், எங்கேயும் கொண்டுபோக வேண்டாம், அது உங்களிடம் இருக்கும்வரை புள்ளி ஏறிக்கொண்டே இருக்கும், தொட்டால் பறிபோகும். இன்ஃபெக்டெட், அல்லது பின்னால் வந்த பெயரில் சர்வைவல்: தொற்று வந்தவன் தொட்டால் உங்களுக்கும் தொற்று, கடைசிவரை தப்பித்தால் வெற்றி. தொட்டுப் பிடித்து விளையாட்டில் பிடிபட்டவர்களும் சேர்ந்து துரத்தினால் எப்படி இருக்கும், அதுதான். புள்ளி கூட்டும் முறை பாகத்துக்குப் பாகம் கொஞ்சம் மாறும், சாரம் இவ்வளவுதான்.

இப்போது எங்கள் முதல் தவறைச் சொல்கிறேன், ஏறக்குறைய எல்லா லாபியிலும், அதாவது ஆட்டத்துக்கு ஆள் சேரும் ஆன்லைன் அறையிலும், இதைப் பார்க்கலாம். ஃபிளாக் ரஷ் தொடங்கும். கொடி நடுவில். பன்னிரண்டு கார்களும் கொடியைப் பார்த்துப் பாயும். யாரோ எடுப்பார், பதினோரு பேரும் அவர் பின்னால் ஓடுவார்கள். தெருவில் ஆறு வயதுப் பிள்ளைகள் கால்பந்து ஆடுவதைப் பார்த்திருப்பீர்கள், பந்து எங்கேயோ அங்கே மொத்தக் கூட்டமும் தேனீ மாதிரி மொய்க்கும், கோல் பக்கம் ஈ காக்கா இருக்காது. அதேதான். எங்களில் நாலு பேரும் அந்தக் கூட்டத்தில்தான் இருந்தோம், அதிலும் கூட்டத்திலேயே வேகமானவர்கள் என்ற பெருமையோடு.

துரத்துவது ஏன் பலிக்காது என்பதற்கு ஆட்டத்தின் விதியே காரணம். ஹொரைசானில் எல்லாக் காருக்கும் அதன் திறனைக் காட்டும் ஒரு எண் உண்டு, அதை வைத்து டி, சி, பி, ஏ, எஸ்1, எஸ்2, எக்ஸ் என்று வகுப்பு பிரிப்பார்கள். ஐந்தாம் பாகத்தில் ஏ வகுப்பு என்றால் 701 முதல் 800 வரை. சீசன் விளையாட்டில் எல்லாரும் ஒரே வகுப்புக் காரில்தான் வரவேண்டும், பொதுவாக எல்லாரும் பாகங்களை மாற்றி அந்த வகுப்பின் உச்ச எண்ணுக்கே காரை டியூன் செய்துகொண்டு வருவார்கள். அப்படியானால் அவன் வேகமும் என் வேகமும் ஏறக்குறைய ஒன்றுதான். அவன் எனக்கு முன்னால் 30 மீட்டரில் நேராகப் போகிறான் என்றால், நான் எவ்வளவு அழுத்தினாலும் அந்த 30 மீட்டர் அப்படியே இருக்கும். அவன் தவறு செய்தால்தான் குறையும். அதாவது பின்னால் துரத்துகிறவன் தன் கையில் எதுவும் இல்லாமல் எதிராளியின் தவறுக்காகக் காத்திருக்கிறான், அதுவும் முழு ஆக்ஸிலரேட்டரில்.

சடுகுடுவை நினைத்துப் பாருங்கள். பாடி வருகிறவனைத் துரத்திக்கொண்டு ஓடுகிற அணியைப் பார்த்திருக்கிறீர்களா? ஏழு பேரும் அரைவட்டமாகப் பின்வாங்குவார்கள், அவனை உள்ளே விடுவார்கள். அவன் எங்கே போனாலும் கடைசியில் நடுக்கோட்டுக்குத் திரும்பித்தான் ஆகவேண்டும், அதுவும் 30 நொடிக்குள். அந்தத் திரும்பும் பாதையைத்தான் அடைப்பார்கள். மூலையில் நிற்கும் கார்னர் ஆட்டக்காரர் பாதி நேரம் சும்மா நிற்பது போலத்தான் இருக்கும். காலைப் பிடிப்பது அவர்தான்.

கொடி எடுத்தவனுக்கும் இதே கதி. திடலுக்குள் எந்தப் பக்கம் சுற்றினாலும் புள்ளி வேண்டுமென்றால் அந்த இடத்துக்கு வந்தே தீரவேண்டும். ஆகவே ஆறு பேரில் இரண்டு பேர் கொடியை மறந்துவிட்டு, சேர்க்கும் இடத்துக்கு (அதைத்தான் வாசல் என்கிறேன்) பக்கத்தில் மெதுவாக உருட்டிக்கொண்டு நிற்கவேண்டும். முழுக்க நின்றுவிடக் கூடாது, நின்ற வண்டி கிளம்ப நேரமாகும். 30, 40 கி.மீ. வேகத்தில் ஒரு சின்ன எட்டு போட்டுக்கொண்டே இருக்கலாம். எங்கள் குரூப்பில் இதற்கு வாட்ச்மேன் டூட்டி என்று பெயர். யாருக்கும் பிடிக்காத டூட்டி.

ஏன் 30, 40 என்கிறேன்? இந்த இடத்தில் கொஞ்சம் கணக்குப் போடவேண்டும், ஏனென்றால் எல்லாவற்றின் முடிச்சும் இங்கேதான் இருக்கிறது. ஒரு கார் திரும்பும் வட்டத்தின் ஆரம், வேகத்தின் வர்க்கத்தோடு ஏறும். நல்ல டயர், நல்ல தார் ரோடு, ஓடும்போது காற்று காரைத் தரையோடு அழுத்தும் உதவி எதுவும் இல்லை என்று வைத்துக்கொண்டால் 50 கி.மீ. வேகத்தில் சுமார் 20 மீட்டர் ஆரத்தில் திரும்பிவிடலாம். 100 கி.மீ. என்றால் 40 மீட்டர் இல்லை, கிட்டத்தட்ட 80 மீட்டர். 150இல் சுமார் 177. சர்வதேச கிரிக்கெட்டில் ஆடுகளத்தின் நடுவிலிருந்து பவுண்டரிக் கோடு அதிகபட்சம் 90 கஜம், அதாவது 82 மீட்டர்தான் இருக்கலாம். ஆக 100 கி.மீ. வேகத்தில் ஒரு வண்டி முழு வட்டம் போடவேண்டுமென்றால் அதற்குக் கிட்டத்தட்ட ஒரு பெரிய கிரிக்கெட் மைதானம் வேண்டும். மண் தரை என்றால் பிடிப்பு பாதியாகிவிடும், வட்டம் இரட்டிப்பாகும். கொடி கைமாறிவிட்டது, எதிர்த்திசையில் போகிறது, நீங்கள் 150இல் வந்துகொண்டிருக்கிறீர்கள் என்றால் நீங்கள் ஆட்டத்திலேயே இல்லை. பிரேக் அடித்து, திருப்பி, மறுபடி வேகம் எடுப்பதற்குள் அவன் புள்ளி வாங்கிவிடுவான். 40இல் உருட்டிக்கொண்டிருந்தவனோ ஒரு ஹேண்ட்பிரேக் இழுப்பில் முகத்தைத் திருப்பிவிடுவான்.

ரேஸ் பழகியவர்கள்தான் இதில் அதிகம் சறுக்குவார்கள். ரேஸில் வேகத்தை விடுவது பாவம், வளைவுக்கு ஒரு கோடு உண்டு, அந்தக் கோட்டை விட்டு விலகாமல் எவ்வளவு வேகத்தைக் காப்பாற்றினோம் என்பதுதான் திறமை. இந்தத் திடலில் அடுத்த திருப்பம் எந்தப் பக்கம் என்று யாருக்கும் தெரியாது. அதனால் எந்தப் பக்கமும் திரும்பத் தயாராக இருப்பவன் கைதான் ஓங்கும். தி.நகர் ரங்கநாதன் தெருப் பக்கம் ஷேர் ஆட்டோ ஓட்டுகிற அண்ணன்களைப் பாருங்கள், பெரிய வேகம் எதுவும் கிடையாது, ஆனால் எந்தச் சந்திலும் எந்த நொடியிலும் மூக்கை நுழைத்துவிடுவார்கள்.

சரி, வாசலில் இரண்டு பேர். மற்ற நாலு பேர் துரத்தத்தானே வேண்டும்? துரத்தலாம், ஆனால் எல்லாரும் ஒரே வாலைப் பிடித்துக்கொண்டு இல்லை. இதற்கு கோ-கோ தான் பாடம். அதில் துரத்துகிறவன் கிளம்பிய திசையில்தான் போகவேண்டும், நினைத்த இடத்தில் திரும்ப முடியாது. ஓடுகிறவனோ உட்கார்ந்திருப்பவர்களுக்கு நடுவில் எப்படி வேண்டுமானாலும் புகுந்து புகுந்து ஓடலாம். துரத்துகிற அணிக்கு இது அநியாயம் போலத் தோன்றும். ஆனால் அவர்களில் எட்டு பேர் ஒருவர் இந்தப் பக்கம், அடுத்தவர் அந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள். ஓடுகிறவன் மறுபக்கம் தாண்டினால், அந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்தவன் முதுகில் தட்டி 'கோ' சொன்னால் போதும். தவறான திசையில் வேகமாகப் போகிறவன் திரும்ப முயல்வதில்லை, சரியான திசையைப் பார்த்திருப்பவனிடம் வேலையைக் கொடுத்துவிடுகிறான். காரில் இதையே செய்யலாம். கொடிக்காரன் என்னைத் தாண்டி எதிர்த்திசையில் போய்விட்டான் என்றால் நான் திரும்பித் துரத்தாமல் 'மச்சி, உன் பக்கம் வர்றான்' என்று சொல்லிவிட்டு, சுற்றிக்கொண்டு வாசல் பக்கம் போய்விட வேண்டும். ஒருவர் பின்னால் நெருக்கிக்கொண்டே இருந்தால் போதும், அவன் மெதுவாகாமல் இருப்பதற்காக. மெதுவாகாதவன் திரும்ப முடியாதவன் என்று மேலே பார்த்தோம். மீதிப் பேர் அவன் போகப்போகிற இடத்துக்குப் போகவேண்டும், அவன் இருக்கிற இடத்துக்கு இல்லை.

கொடி நம் ஆளிடம் இருக்கும்போது என்ன செய்வது என்பதையும் பலர் யோசிப்பதில்லை. கூடவே பக்கத்தில் ஓடுவார்கள், கல்யாண ஊர்வலம் மாதிரி. அதனால் பயன் இல்லை. எதிரி வரும் கோட்டுக்கும் நம் ஆளுக்கும் நடுவில் இருக்கவேண்டும், முடிந்தால் எதிர்த்து வருகிறவன் மேலேயே ஏறி அவன் மூக்கைத் திருப்பிவிட வேண்டும். குறுகலான சந்து இருந்தால் இன்னும் நல்லது: நம் ஆள் நுழைந்ததும் அடுத்து வரும் நம் வண்டி குறுக்கே நின்றுவிடலாம். கோடைக்காலத்தில் நம் தெருவில் தண்ணீர் லாரி நிற்பதைப் பார்த்தவர்களுக்கு இதை நான் விளக்கவேண்டியதில்லை.

இங்கே எடையும் பேசும். 3,000 கிலோ வண்டி 80 கி.மீ. வேகத்தில் வந்து, நிற்கிற 1,000 கிலோ காரை இடித்து இரண்டும் ஒட்டிக்கொண்டு நகர்ந்தால் சேர்ந்த வேகம் 60. அதே காரை ஓட்டிக்கொண்டு நீங்கள் 80இல் போய் அந்த வண்டியை இடித்தால் மொத்தமும் 20இல்தான் நகரும். உந்தம் என்று பள்ளிக்கூடத்தில் படித்தது, அப்போது எதற்கு என்று தெரியாமல் படித்தோம். அதனால் ஆறு பேரும் ஒரே மாதிரிச் சின்ன வேகக் காரில் வருவது வீண். மெர்சிடிஸ் யூனிமாக் மாதிரிக் கனமான ஒன்று வாசலில், ஃபோர்ட் ஆர்எஸ்200 மாதிரி நாலு சக்கரமும் இழுக்கிற குட்டையான ராலிக் கார்கள் ஓடுவதற்கு. வாரத்தின் விதி குறிப்பிட்ட வகைக் காரைத்தான் அனுமதிக்கிறது என்றால் இந்தத் தேர்வு குறுகும், அப்போதும் பட்டியலில் எது கனம், எது குட்டை என்று பார்த்துப் பிரித்துக்கொள்ளலாம்.

டியூனிங் பற்றி நீட்டி முழக்க மாட்டேன். காரின் அந்த வகுப்பு எண்ணில் உச்ச வேகத்துக்குச் செலவழித்த பங்கு எல்லாம் வீண், அந்தச் சின்னத் திடலில் 200 தொடுவதற்கே இடம் கிடையாது. கியர் விகிதத்தைக் கூட்டி, நின்ற நிலையிலிருந்து பாய்வதற்கு வையுங்கள். மண்ணுக்கு ஏற்ற டயர் போடுங்கள். ஸ்டீயரிங் வீல் வாங்கி வைத்திருப்பவர்கள் இந்த ஒரு விளையாட்டுக்கு மட்டும் அதைத் தள்ளிவைத்துவிட்டுக் கன்ட்ரோலரை எடுங்கள். முழுச் சக்கரத்தையும் இரண்டரைச் சுற்று சுற்றித் திரும்புவதற்குள் எதிராளி கட்டைவிரலால் தள்ளித் திரும்பிவிடுவான். கேமரா வண்டிக்குப் பின்னால், உயரமாக. திரும்பிப் பார்க்கிற பட்டன் எதுவென்று கைக்குப் பழக்கம் இருக்கட்டும்.

கிங் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை, ஒரே ஒரு விஷயம் தவிர. கிரீடம் இருப்பவனுக்கு எங்கும் போகவேண்டிய கட்டாயம் இல்லை, ஆகவே வாட்ச்மேன் டூட்டியும் இல்லை, நேரம்தான் புள்ளி. ஆனால் கிரீடம் வைத்திருப்பவன் பெரும்பாலும் பயத்தில் திடலின் விளிம்புக்கு ஓடுவான், விளிம்பில் ஒரு பக்கம் வேலி, ஆக வரக்கூடிய திசை பாதிதான் என்று நினைத்துக்கொண்டு. போகக்கூடிய திசையும் பாதியாகிவிட்டது என்பதை மறந்துவிடுவான். நடுவில் ஒரு கட்டடமோ பாறையோ இருந்தால் அதைச் சுற்றுவது நல்லது. சின்ன வயதில் கோயில் தூணைச் சுற்றி ஓடியவர்களுக்குத் தெரியும், ஒருவன் துரத்தினால் நாள் முழுக்கச் சுற்றலாம். இரண்டு பேர் இரண்டு பக்கமும் வந்தால் அரை நிமிடத்தில் கதை முடியும். அதனால் துணைக்கு இருக்கும் நண்பரின் வேலை ஒன்றே ஒன்றுதான்: அந்த இரண்டாவது ஆளை வரவிடாமல் தடுப்பது.

இன்ஃபெக்டெட் வேறு ஜாதி. இங்கே வெற்றி தோல்வி முதல் நிமிடத்திலேயே எழுதப்பட்டுவிடும் என்பது என் கருத்து. தொற்று வந்த ஒவ்வொருவரும் 20 நொடிக்கு ஒருவரைத் தொடுகிறார் என்று சும்மா ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். ஒருவரில் தொடங்கி 20ஆவது நொடியில் 2, 40இல் 4, 60இல் 8, 80இல் பன்னிரண்டு பேரும் முடிந்தது. நிஜத்தில் முதல் தொடுதல்தான் எல்லாவற்றையும்விடக் கடினம், தனி ஆள் துரத்துவது பலிக்காது என்று மேலேயே பார்த்தோம். நாலு பேர் சேர்ந்த பிறகு நடப்பது ஆட்டமே இல்லை, வேட்டை. ஆகவே தொற்று வந்தவர் முதலில் செய்யவேண்டியது, திறமைசாலியைத் தேடிப் பழிவாங்குவது இல்லை. எவன் மரத்தில் முட்டிக்கொண்டு ரிவர்ஸ் எடுத்துக்கொண்டிருக்கிறானோ அவனைப் போய்த் தொடுவது. கௌரவம் பார்த்தால் 40 நொடி போச்சு.

தப்பிக்கிறவர்களுக்கு இதைத் திருப்பிப் போட்டுக்கொள்ளலாம். முதல் ஆள் பிடிபடுவதைத் தள்ளிப்போட்டால் மொத்தக் கணக்கும் தள்ளிப்போகும். அதற்குக் கூட்டமாக இருக்கக் கூடாது. மனிதனுக்குப் பயம் வந்தால் கூட்டத்தோடு சேரத் தோன்றும். இங்கே கூட்டத்தில் இருவர் ஒருவர்மேல் ஒருவர் இடித்துக்கொண்டு நின்றுவிட்டால் மூன்றாமவன் வந்து இரண்டு பேரையும் அள்ளிக்கொண்டு போவான். சிதறி நில்லுங்கள், ஆளுக்கு ஒரு திசை, ஒவ்வொருவருக்கும் இரண்டு வெளியேறும் வழி. மூன்று பேருக்கு மேல் தொற்று வந்தபின் தூணைச் சுற்றும் வித்தையும் பலிக்காது, திறந்த வெளிக்கு வந்துவிட வேண்டும்.

இதில் ஒரு வண்டியைப் பற்றிச் சொல்லாமல் போனால் மனசு கேட்காது. பீல் பி50 என்று ஒன்று, 1962 முதல் 1965 வரை ஐல் ஆஃப் மேன் தீவில் செய்தது, மூன்று சக்கரம், நீளம் 137 செ.மீ., அகலம் 99 செ.மீ., எடை சுமார் 60 கிலோ. உலகின் மிகச் சிறிய தயாரிப்புக் கார் என்று கின்னஸில் இருப்பது. நிஜ வண்டியில் ரிவர்ஸ் கியரே கிடையாது, பின்னால் உள்ள கைப்பிடியைப் பிடித்துத் தூக்கித் திருப்பிக்கொள்ள வேண்டியதுதான். ஹொரைசானில் அது இருக்கிறது, அதில் பெரிய இன்ஜினையும் திணித்துக்கொள்ளலாம். கார் விதி தளர்வாக இருக்கிற ஆட்டங்களில் அதை எடுத்துக்கொண்டு வருகிறவன் சும்மா சிரிப்புக்கு வருகிறான் என்றுதான் முதலில் நினைப்போம். தொடவேண்டிய பொருள் சின்னதாக இருந்தால் தொடுவது கஷ்டம், அவ்வளவுதான் அவன் தத்துவம். நான் ஒருமுறை மூன்று நிமிடம் அவன் ஒருவனையே துரத்தினேன். காலுக்கடியில் ஓடும் சுண்டெலியை விளக்குமாறால் அடிப்பது போல இருந்தது.

சுண்டெலி என்றதும் ஞாபகம் வருகிறது, ஃபோர்ஸா ஆட்டக்காரர்கள் நெடுங்காலமாகத் தனி லாபியில் ஆடும் பூனையும் எலியும் என்று ஒரு விளையாட்டு உண்டு. ஒவ்வொரு அணிக்கும் ஒரு மெதுவான வண்டி, அதுதான் எலி. எந்த எலி முதலில் எல்லைக்கோட்டைத் தாண்டுகிறதோ அந்த அணிக்கு வெற்றி. வேகக் கார்களில் இருக்கும் பூனைகள் தங்கள் எலியைக் காக்கலாம், தள்ளிவிடலாம், எதிரணி எலியை ஓரம்கட்டலாம். என்னைக் கேட்டால் குழுவாக ஆடக் கற்றுக்கொள்ள இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இல்லை, ஏனென்றால் வேகமான காரில் இருப்பவன் தான் ஜெயிக்கவே முடியாது என்று விதியே சொல்லிவிடுகிறது.

இனி நம் ஊர்க் கஷ்டம் ஒன்று. 'நான் தொட்டேன்டா, ஏன் மாறல?' என்ற புலம்பலை ஒவ்வொரு இரவும் கேட்கலாம். அவன் பொய் சொல்லவில்லை. உங்கள் திரையில் தெரியும் எதிராளியின் கார் அவன் இப்போது இருக்கும் இடம் இல்லை. அவன் இருந்த இடத்தைப் பற்றிய தகவல் கொஞ்சம் தாமதமாக வந்து, அதை வைத்து கேம் தானே செய்கிற ஊகம். அந்தத் தகவல் சிங்கப்பூர் வரை போய்வர வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். சென்னையிலிருந்து சிங்கப்பூருக்குக் கடலுக்கடியில் போகும் ஐ2ஐ கேபிள் 2002இல் போட்டது, நீளம் சுமார் 3,200 கி.மீ. கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கி.மீ. போகும் என்றால் அந்தத் தூரம் போகவே 16 மில்லி நொடி, போய்த் திரும்ப 32. இது இயற்கையே வாங்கும் வரி, இதற்குக் கீழே யாராலும் கொடுக்க முடியாது. அதன்மேல் வீட்டு வைஃபை, தெருவில் கேபிள் அண்ணன் இழுத்த வயர், இடையில் உள்ள பெட்டிகள் எல்லாம் சேர்ந்து 100 மில்லி நொடி ஆகிவிட்டது என்று வையுங்கள். 180 கி.மீ. வேகத்தில் கார் நொடிக்கு 50 மீட்டர் போகிறது. 100 மில்லி நொடியில் 5 மீட்டர். அதாவது ஒரு முழுக் காரின் நீளத்துக்கு மேல். நீங்கள் தொட்டது அவனுடைய பழைய நிழலை.

இதிலிருந்தும் ஒரு உத்தி கிடைக்கிறது. நேராக ஒரே வேகத்தில் போகிறவன் எங்கே இருப்பான் என்று ஊகிப்பது சுலபம், ஆகவே அவனை நீங்கள் பார்க்கும் இடம் கிட்டத்தட்டச் சரியாக இருக்கும். திடீரென்று பிரேக் அடித்தாலோ திரும்பினாலோ ஊகம் பிழைத்துப்போகும். உங்கள் திரையில் அவன் கார் சட்டென்று தாவுவது அதனால்தான். தப்பிக்கிறவர்கள் நெருக்கடியில் வளைந்து வளைந்து போவது இரட்டை லாபம். துரத்துகிறவர்கள் அவன் திரும்பும் நொடியில் பாயாமல், திரும்பி முடித்து நேராகும் நொடிக்குக் காத்திருக்க வேண்டும், அல்லது சுவரோரம், வாசலோரம், அவன் எப்படியும் மெதுவாகவேண்டிய இடத்தில். 50 கி.மீ. வேகத்தில் அதே தாமதம் ஒன்றரை மீட்டருக்கும் குறைவுதான். வாசலில் நிற்பதற்கு இது மூன்றாவது காரணம்.

எங்கள் வீட்டில் வைஃபையை விட்டுவிட்டு ரவுட்டரிலிருந்து ஹாலைத் தாண்டி நேராக ஒரு வயர் இழுத்துவிட்டேன். அம்மா தடுக்கி விழுந்து திட்டிய பிறகு அதைச் சுவரோடு ஆணி அடித்தேன். மழைக்காலத்தில் கரன்ட் ஒரு நொடி போய் வந்தாலும் ரவுட்டர் மறுபடி எழுந்திருக்க இரண்டு நிமிடம் ஆகும், அதற்குள் ஐந்து பேராக ஆடிய அணி சாபம் விட்டிருக்கும். அதற்கென்று ஒரு சின்ன யூபிஎஸ்ஸும் வாங்கியாயிற்று.

இவ்வளவு தெரிந்தும் லாபிகளில் யாரும் ஏன் இப்படி ஆடுவதில்லை என்று யோசித்தால், ஸ்கோர்போர்டுதான் குற்றவாளி என்று தோன்றுகிறது. ஆட்டம் முடிந்ததும் அணியின் புள்ளியோடு ஆளாளுக்கு எடுத்த புள்ளியும் வரிசையாக வரும். கொடியைக் கொண்டுபோய்ச் சேர்த்தவன் பெயர் மேலே நிற்கும். வாசலில் நின்று ஐந்து முறை எதிராளியைத் திருப்பி அனுப்பியவன் எதுவும் செய்யாதவன் போலக் கீழே கிடப்பான். முன்பின் தெரியாத ஐந்து பேரோடு ஆடும்போது யார் அந்தக் கீழ் இடத்துக்குப் போவார்கள்?

எங்கள் குரூப்பில் முறை வைத்துக்கொண்டோம். போன வாரம் பெரம்பூர்க்காரன் டூட்டி. மூன்று சுற்றில் இரண்டு ஜெயித்தோம். அவன் வண்டி ஆட்டம் முழுக்க 80ஐத் தாண்டவே இல்லை, நடுவில் ஒரு கையால் தோசை சாப்பிட்டுக்கொண்டிருந்ததாக அவனே ஒப்புக்கொண்டான். பட்டியலில் கடைசிப் பெயர் அவனுடையது. அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து குரூப்பின் படமாக வைத்திருக்கிறோம். அடுத்த வியாழன் என் முறை.